எடுக்காமல் விட்ட சிரிப்பு

பிணமாகப் படுக்கும்போது மூச்சை அடக்கக் கூடாது என்று அந்த அம்மா சொன்னார். அப்போது நான் அவருடைய கால்விரல் இடுக்குகளைத் துவாயால் துடைத்துக்கொண்டிருந்தேன்.

“அடக்கினா கழுத்து நரம்பு துடிக்கும்டி. கேமரா அதப் புடிச்சிடும். அடிவயித்துல வச்சு, இருக்கா இல்லையான்னு தெரியாத மாதிரி விடணும். மூடுன இமைக்குள்ள கண்ணு கீழ பாத்தபடி இருக்கணும். அப்பதான் இமை ஆடாது.”

“இதெல்லாம் எனக்கு எதுக்கம்மா?”

“ஒனக்கு ஒண்ணுமில்ல. எனக்கு வாய் சும்மா இருக்க மாட்டேங்குது.”

மெல்பனில், ஸ்பிரிங்வேல் கடைத்தெருவுக்குப் பின்னால் இருந்த செங்கல் வீடு அது. தாயும் மகளும் மட்டும். மகள் ஒரு ஆஸ்பத்திரியில் மருந்துப் பிரிவில் வேலை. மகளின் கணவர் பிரிந்துபோய் வேறு குடும்பத்தோடு சிட்னியில் இருந்தார். தாய்க்கு எண்பது தாண்டிவிட்டது. பக்கவாதம் வந்து முகத்தின் இடப்பக்கம் தொங்கிவிட்டது, இடது கையும் விளங்காது. நெஞ்சில் சளி. பகலில் அவரைக் குளிப்பாட்டி, சாப்பாடு கொடுத்து, மருந்துப் புகை பிடிக்கவைப்பது என் வேலை.

நான் எட்டாம் வகுப்போடு நின்றவள். மன்னாரிலிருந்து கடல் தாண்டி மண்டபம் முகாம், அங்கிருந்து குவைத்தில் வீட்டுவேலை, திரும்ப முகாம், பிறகு படகு. படகு கொண்டுவந்து சேர்த்தது அகதிகளை அடைத்துவைக்கும் வில்லாவுட் தடுப்பு முகாமில். வெளியே விட்டபின் சிட்னியில் பாத்திரம் கழுவினேன், மில்டுராவில் திராட்சை வெட்டினேன். ஒரு இடத்தில் கூடுதலாக இருந்தால் எனக்குப் பிடிக்காது, இடமும் என்னை வைத்துக்கொண்டதில்லை. கேரம் டவுன்ஸ் கோயில் மடப்பள்ளியில் காய் வெட்டிக்கொண்டிருந்தபோது ஒரு அன்ரிதான் சொன்னா: “ஸ்பிரிங்வேலில ஒரு இந்தியாக்காரப் பிள்ளை தாயைப் பாக்க ஆள் தேடுது. தாய் முந்தி பள்ளிக்கூட ரீச்சராம். போய்ப் பாரன்.”

ரீச்சர் என்பது மகள் கோயிலில் சொல்லிவைத்த பொய். முதல் வாரமே எனக்குத் தெரிந்துவிட்டது. அந்த அம்மா கோடம்பாக்கத்தில் துணை நடிகையாக இருந்தவர்.

அவர் கதையைத் துண்டு துண்டாகத்தான் கேட்டேன், குளிக்கவார்க்கும்போதும் சோறு பிசைந்து கொடுக்கும்போதும். நாடகக் கம்பெனியிலிருந்து பதினாறு வயதில் சினிமாவுக்கு வந்தார். முதலில் கூட்டத்தில் ஆடினார். பிறகு கதாநாயகிக்குத் தோழி. தோழிக்கு ஒரே வேலைதான், கதாநாயகி வெட்கப்பட்டால் சிரித்துவிட்டு ஓடிப்போக வேண்டும். இருபத்திரண்டு வயதில் ஒரு படத்தில் அழச் சொன்னார்கள். கிளிசரின் இல்லாமல் அழுதார். அதோடு தோழி வேஷம் போனது. தன்னைவிட வயது கூடிய கதாநாயகனுக்குத் தாயாக வெள்ளைச் சேலை கட்டினார். ஒருநாள் பிணமாகப் படுக்க வேண்டிய நடிகை வரவில்லை, இவரைப் படுக்கவைத்தார்கள். இமை ஆடவில்லை. கம்பெனிகளுக்குள் செய்தி பரவிவிட்டது.

“அப்புறம் வேனு வந்து நிக்கும். எந்தக் கம்பெனி, என்ன படம், ஒண்ணும் சொல்ல மாட்டான். ‘படுக்கணும்க்கா, வாங்க’ம்பான்” என்றார். “மூஞ்சிய மூடி வச்ச பொணத்துக்கும் என்னையே கூப்புடுவான். மூடுனதுக்கப்புறம் எவ படுத்தா என்ன? ஆனா டைரக்டருக்கு நான்தான் படுக்கணும்.”

ஒருநாள் என்னைக் கேட்டார்: “நீ நெஜப் பொணம் பாத்திருக்கியா?”

“ஓம். பாத்திருக்கிறன்.”

“கண்ணு மூடியிருக்குமா?”

“சில ஆக்களுக்கு மூடாதம்மா. நாங்கதான் கையால இழுத்து மூடுறது. வாயும் அப்பிடித்தான்.”

சோற்றை மெல்லாமல் வாயில் வைத்துக்கொண்டு யோசித்தார்.

“அப்ப நாங்கள்லாம் ரொம்ப அழகா செத்திருக்கோம்” என்றார்.

அந்தச் சினிமாக்காரர்களிடம் ஒரு வழக்கம் இருந்திருக்கிறது. செத்த காட்சி எடுத்து முடிந்ததும் அப்படியே விட்டுவிட மாட்டார்கள். இயக்குநர் ‘கட்’ சொன்ன பிறகு கால் விரல் முடிச்சை அவிழ்ப்பார்கள், நெற்றிக் காசை எடுப்பார்கள், தாடையில் கட்டிய துணியை அவிழ்ப்பார்கள். கடைசியாக, செத்துக் கிடந்தவர் எழுந்து உட்கார்ந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடிப்பார்கள். அந்தச் சிரிப்பு எந்தத் தியேட்டரிலும் ஓடாது. ஆனால் அது எடுக்கப்படாவிட்டால் சாவு செட்டிலேயே நின்றுவிடாமல் நடித்தவரின் வீடு தேடிப் போகும் என்று நம்பிக்கை.

ஃபிலிம் விலைகூடிய சாமான். அதனால் சின்னக் கம்பெனிகளில் கேமராவை ஓட்டாமலே, “ஆச்சும்மா, சிரிச்சிட்டு எந்திரிங்க” என்பார்களாம். இந்த அம்மா கண்ணைத் திறக்கமாட்டார். அந்தக் கேமராக்கள் கர்ரென்று இரையும். அந்த மோட்டார் சத்தம் காதில் விழுந்தால்தான் எழும்புவார். ஒரு உதவி இயக்குநர் இவருடைய தலைமாட்டில் குனிந்து வாயாலேயே கர்ரென்று சத்தம் போட்டுப் பார்த்தானாம்.

“மூஞ்சியெல்லாம் எச்சி. மோட்டாரு எச்சி துப்புமாடா நாயேன்னேன், பொணமா இருந்துக்கிட்டே. செட்டே சிரிச்சுது.”

அதைச் சொல்லிவிட்டு அவரும் சிரித்தார். வலப்பக்கம் மட்டும் மேலே போனது.

அவர் பிணமாகப் படுத்த கடைசிப் படம் வெளிப்புறத்தில் எடுத்தது. ஒரு வீட்டு வாசலில் இவரைக் கிடத்தியிருந்தார்கள். காட்சி முடிந்தபோது ஃபிலிம் தீர்ந்துவிட்டது, மழையும் பிடித்துவிட்டது. சிரிப்பை நாளைக்கு எடுத்துக்கொள்ளலாம் என்றார் இயக்குநர். மறுநாள் வேன் வரவில்லை. பட முதலாளி நொடித்துப்போய்க் கம்பெனியைப் பூட்டிவிட்டான், படம் பாதியில் நின்றது. இவர் அந்த இயக்குநரின் வீட்டு வாசலுக்குப் போய் நின்றிருக்கிறார், ஒரு சிரிப்பு மட்டும் எடுத்துவிடுங்கள் என்று. பைத்தியம் என்றார்கள். அந்த மாதம் முடிவதற்குள் இவருடைய மூத்த பையன் காய்ச்சலில் செத்துப்போனான். பள்ளிக்கூடம் போகத் தொடங்கியிருந்த பிள்ளை. மகள் அப்போது வயிற்றில்.

“டைபாய்டுன்னு சொன்னாங்க. டாக்டருக்கு என்ன தெரியும்?”

அதற்குப் பிறகும் வயிற்றுப்பாட்டுக்கு நடித்தார். மற்ற நடிகைகளின் அழுகைக்குக் குரல் கொடுத்தார். டெலிவிஷன் வந்தபோது நாடகங்களில் பக்கத்து வீட்டுக்காரியாக வந்தார். பிணமாக மட்டும் படுக்கவில்லை. மகளைப் பள்ளியில் ‘பொணத்து மவ’ என்று பிள்ளைகள் கூப்பிட்டார்கள். மகள் படித்து, வேலை எடுத்து, கடல் தாண்டி வந்து, தாயை ரீச்சர் ஆக்கிவிட்டார். வீட்டில் சினிமாப் பேச்சே கூடாது. மகள் வாசல் கதவைத் திறக்கிற சத்தம் கேட்டால் அந்த அம்மா பேச்சை அப்படியே நிறுத்திவிடுவார்.

வசந்தத் தொடக்கத்தில் மகளுக்கு மார்பில் கட்டி கண்டுபிடித்தார்கள். தாயிடம், “சின்ன ப்ரொசீஜர்தான்மா, எடுத்துட்டா சரியாயிடும்” என்றார். ஆனால் ஆபரேஷனுக்கு முன்பே மருந்து ஏற்றத் தொடங்கினார்கள். குளியலறைத் தொட்டியில் முடி வந்து அடைத்தது, நான்தான் எடுத்துப் போட்டேன். வாந்திக்கு வாளி கழுவினேன். ஒருநாள் குசினியில் வைத்து, “அக்கா, டொக்டர் என்ன சொல்லுறார்?” என்று கேட்டேன். ஃபிரிட்ஜைத் திறந்து உள்ளே பார்த்துக்கொண்டே, “பரவியிருக்கு. அம்மாகிட்ட சொல்லாதீங்க” என்றார்.

நான் சொல்லவில்லை. ஆனால் சாவை நடித்தே சாப்பிட்டவரிடம் அதை மறைக்க முடியுமா? அடுத்த நாள் குளிக்கவார்க்கும்போது என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

“ஒண்ண எடுத்தாச்சு. இப்ப இதையும் எடுக்க வந்திருக்கு. நான் அந்தச் சிரிப்பக் குடுத்துடணும்டி. இவள ஆபரேஷனுக்குக் கொண்டு போறதுக்குள்ள.”

“என்னம்மா கதைக்கிறியள்?”

“ஒங்கிட்ட போன் இருக்குல்ல? அதுல எடுக்கலாம்ல?”

நம்பினேனா என்றால் இல்லை. ஆனால் படகில் வந்தபோது நடுக்கடலில் எஞ்சின் நின்றுபோனது. ஒரு பெண் கையிலிருந்த காப்பைக் கழற்றிக் கடலில் போட்டாள். நம்பாத ஆட்களும் எட்டிப் பார்த்துக்கொண்டுதான் இருந்தோம். வேறு செய்ய ஒன்றும் இல்லாத இடத்தில் மனிதர்கள் செய்வதைச் செய்யாதே என்று சொல்ல எனக்கு வாய் வராது.

சும்மா சிரித்தால் போதாது என்றார். முதலில் செத்துக் கிடக்க வேண்டும், சரியாக. மகள் மருந்து ஏற்றப் போகிற நாளைப் பார்த்துக்கொண்டோம். போனால் மாலைதான் வருவார்.

அன்று மதியம் முன்னறைக் கட்டிலில் தலையைத் தெற்கே வைத்துப் படுக்கவைத்தேன். வெள்ளைச் சேலை அவரிடமே ஒன்று இருந்தது. கால் பெருவிரல்களைச் சேர்த்து முடிந்தேன். தாடைக்கட்டு வேண்டாம், மூச்சுக் கஷ்டம் என்றேன்.

“தாடைக்கட்டு இல்லாம என்னடி சாவு? கட்டு. மூக்குப் பஞ்ச மட்டும் மேலாப்புல வையி.”

நெற்றிக் காசுக்கு ஒரு டாலர் நாணயக் குற்றி எடுத்தேன்.

“எந்தப் பக்கம் மேல வைக்கிறது? ராணியா, கங்காருவா?”

“கங்காரு வையி. ராணி எனக்கு என்ன ஒறவு?”

போனைக் கதிரை முதுகில் சாய்த்து நிறுத்தினேன். பட்டனை அழுத்தி, “ஓடுது அம்மா” என்றேன்.

“சத்தம் வரலையே.”

“இதுக்குச் சத்தம் வராது.”

“வராட்டி நான் எந்திரிக்க மாட்டேன். எத்தனை பேரு ஏமாத்தியிருக்கான்.”

குசினி மிக்ஸியைக் கொண்டுவந்து போட்டுக் காட்டினேன். கண்ணைத் திறக்காமலே, “அது சட்னிடி” என்றார். பிறகுதான் கட்டிலுக்குப் பக்கத்தில் இருந்த மருந்துப்புகை மெஷின் நினைவுக்கு வந்தது. மருந்து ஊற்றாமல் சுவிட்சைத் தட்டினேன். கர்ரென்று இரைந்தது.

“ஆங். இதான். இதேதான்.” அவருடைய முகம் தளர்ந்தது. “நீ கட் சொன்னாத்தான் எந்திரிப்பேன். அதுவரைக்கும் என்னைத் தொடாத.”

அதோடு அவர் போய்விட்டார். வேறு எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. நெஞ்சு ஏறி இறங்கவில்லை. சளி இரைச்சல்கூட எங்கே போனதென்று தெரியவில்லை. பக்கவாதத்தில் தொங்கிய கன்னமும் அந்தக் கோலத்துக்குப் பொருந்திப்போனது. எத்தனையோ நிஜப் பிணங்களைக் கழுவிக் கட்டியிருக்கிறேன், ஆனாலும் தொடாதே என்றதை மறந்து கையை நீட்டிவிட்டு இழுத்துக்கொண்டேன்.

மெஷின் இரைச்சலில் வாசலில் டாக்சி வந்து நின்றதும் கதவு திறந்ததும் கேட்கவில்லை. இரத்தத்தில் ஏதோ குறைவு என்று அன்று மருந்து ஏற்றாமல் மகளைத் திருப்பி அனுப்பியிருக்கிறார்கள். நான் நிமிர்ந்தபோது அறை வாசலில் நின்றார். தலையில் கட்டிய துணி, கையில் மருந்துப் பை.

“அம்மா?”

நான் வாயைத் திறந்தேன். அதற்குள் அவர் பையைப் போட்டுவிட்டு ஓடிவந்து தாயின் நெஞ்சில் விழுந்தார். தலைத்துணி கழன்று மொட்டைத் தலை தெரிந்தது. ஆஸ்பத்திரியில் வேலை செய்கிறவர், நாடி பார்த்திருக்கலாம். பார்க்கவில்லை. பஞ்சையும் காசையும் கண்டபிறகு யார் நாடி பார்ப்பார்கள்?

“நான்தானம்மா மொதல்ல போவேன்னு இருந்தேன்” என்றார். “ஒன்ன யாரு பாத்துக்குவான்னு தெனம் தெனம் செத்துக்கிட்டிருந்தேனே. என்னை விட்டுட்டுப் போயிட்டியே. எனக்கு பயமா இருக்கும்மா. எனக்கு ரொம்ப பயமா இருக்கு.”

தாயின் இமை ஆடவில்லை. மகளின் நெற்றி தாடையில் இடித்துக்கொண்டிருந்தது, காசு நழுவித் தலையணையில் விழுந்தது, அப்போதும் ஆடவில்லை. மகள் இத்தனை மாதமாக மறைத்ததையெல்லாம் அவர் காதுக்குப் பக்கத்தில் சொல்லிக்கொண்டிருந்தார். அவர் கேட்டுக்கொண்டு கிடந்தார். மெஷின் ஓடிக்கொண்டிருந்தது.

எனக்குக் கடைசியில் வந்தது அந்த ஒரு சொல்தான்.

“கட்!” என்றேன்.

அவர் கண்ணைத் திறந்தார். வலது கையால் தாடைத் துணியை இழுத்துக் கழற்றினார். மூக்குப் பஞ்சைத் தட்டிவிட்டார். மகளைப் பார்க்கவில்லை. மகளின் தலைக்கு மேலாக, கதிரையில் இருந்த போனைப் பார்த்தார். கண்ணில் நீர் ஓடிக்கொண்டிருக்க, பாதி முகத்தால் பல் தெரியச் சிரித்தார். எவ்வளவு நேரம் சிரிக்க வேண்டுமோ அவ்வளவு நேரம் சிரித்தார்.

மகள் பின்னால் நகர்ந்து சுவரில் சாய்ந்து நிலத்தில் உட்கார்ந்துவிட்டார். தாயைப் பார்த்தார், போனைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

“வெளிய போங்க.”

“அவளத் திட்டாத. நான்தான் சொன்னேன்” என்றார் தாய்.

“ரெண்டு பேரும் என்ன பண்ணிட்டிருக்கீங்க? ஆர் யூ மேட்?”

நான் கால் முடிச்சை அவிழ்க்கப் போனேன். “தொடாதீங்க, போங்க” என்று கத்தினார். போய்விட்டேன்.

கொஞ்ச நாள் கழித்து மகளே எனக்குப் போன் எடுத்தார். வேறு ஆள் கிடைக்கவில்லை, ஆபரேஷனுக்கு நாள் வைத்தாயிற்று. நான் போனேன். அன்றைக்கு நடந்தது என்ன என்று கேட்டார், சொன்னேன். அண்ணன் காய்ச்சலில் போனது அவருக்குத் தெரியும். சிரிப்பு விஷயம் தெரியாது.

“இவ்வளவு வருஷமாவா அம்மா அதத் தூக்கிட்டு அலையறாங்க?” என்றார். கோபமாகத்தான் சொன்னார். பிறகு, “எனக்கு சரியாயிடும்னு நம்பறாங்களா?” என்று கேட்டார்.

“ஓம் அக்கா. ஆறுதலா இருக்கிறா இப்ப.”

“அப்ப இருக்கட்டும்.”

உண்மையில் ஆபரேஷன் நன்றாகத்தான் நடந்தது. அந்தக் கோடை முழுவதும் அந்த அம்மா பெரிய ஆள் மாதிரி இருந்தார். மகள் சாப்பிடுவதைப் பார்ப்பார், என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டுவார். மகள் எதிரிலேயே சினிமாக் கதை பேசினார், மகளும் தடுக்கவில்லை. அந்த எச்சில் துப்பிய உதவி இயக்குநர் கதைக்கு மகள் வாய்விட்டுச் சிரித்ததை நான் பார்த்தேன்.

குளிர் தொடங்கும்போது நோய் ஈரலுக்கு வந்துவிட்டது. முதலில் மகளின் கண் மஞ்சளானது, பிறகு வயிறு வீங்கியது. தாய்க்கு இந்த முறை யாரும் ஒன்றும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. கண் சிமிட்டுவதை நிறுத்திவிட்டார். அந்தக் குளிருக்குள்ளேயே மகள் போய்விட்டார்.

சவச் சாலையில் சக்கர நாற்காலியைப் பெட்டிக்கு அருகில் தள்ளிக்கொண்டு போனேன். இங்கே அதற்கென்று ஆட்கள் இருக்கிறார்கள், முகத்துக்குப் பூச்சு, உதட்டுக்குச் சாயம் எல்லாம் செய்திருந்தார்கள். கண் ஒழுங்காக மூடியிருந்தது. தாய் அழவில்லை. இமைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். கோயிலிலிருந்து வந்த பெண்கள் பின்னால் குசுகுசுத்தார்கள்: “ரீச்சர் கல்லு மாதிரி இருக்கிறா, என்ன?”

வீட்டை விற்றார்கள். மகளைப் பிரிந்துபோன அந்தச் சிட்னிக்காரர் வந்து கையெழுத்துப் போட்டுவிட்டு, அந்த அம்மாவை டாண்டினாங் பக்கம் ஒரு முதியோர் இல்லத்தில் சேர்த்துவிட்டுப் போனார். எனக்கு அங்கே வேலை இல்லை. ஷெப்பர்டன் போய்ப் பேரிக்காய் பிடுங்கினேன். பழக்காலம் முடிந்து திரும்பி வரும் வழியில் அவரைப் பார்க்கப் போனேன்.

சன்னலோரமாகச் சாய்வுக் கதிரையில் போட்டிருந்தார்கள். அங்கே தமிழ் தெரிந்தவர்கள் யாரும் இல்லை, கேட்பார் இல்லாமல் வாய் சும்மா இருக்கப் பழகியிருந்தது. என்னை அடையாளம் கண்டுகொள்ளவே கொஞ்ச நேரம் எடுத்தது.

“கறுத்துட்டடி.”

“வெயிலம்மா.”

என் பையைப் பார்த்து, “அது இருக்கா?” என்று கேட்டார்.

இருந்தது. மகள் உயிரோடு இருக்கும்வரை அவர் அதைக் கேட்டதில்லை. நானும் திரும்பப் போட்டுப் பார்த்ததில்லை. போனை எடுத்து அவருடைய மடித்துணியில் நிறுத்திப் பிடித்தேன். மெஷின் இரைச்சல் வந்தது. வெள்ளைச் சேலையில் அவர் கிடந்தார். கண்ணைச் சுருக்கிக்கொண்டு, வேறு யாரோ நடித்ததைப் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

“மூச்சு தெரியல” என்றார், திருப்தியாக.

மகள் உள்ளே ஓடிவந்தார், விழுந்தார், அழுதார். பிறகு என் குரல் ‘கட்’ என்றது. அவர் கண்ணைத் திறந்து சிரித்தார். கட்டிலின் கால்மாட்டில் கால் விரல்கள் முடிந்தபடியே இருந்தன. சிரிப்புக்கு முன்பே அவிழ்த்திருக்க வேண்டிய முடிச்சு அது என்று எனக்கும் அப்போதுதான் உறைத்தது. பாதிச் சிரிப்பு என்பாரோ, வரிசை மாறிவிட்டது என்பாரோ, அதனால்தான் பிள்ளை போனது என்பாரோ என்று பயந்துகொண்டு நின்றேன்.

அவர் வலது கையைத் தூக்கிப் போன் கண்ணாடியைத் தடவினார். படம் நின்றுபோனது.

“சிரிப்ப விடு” என்றார். “அதுக்கு முன்னாடி போ.”

பின்னால் தள்ளினேன்.

“இன்னும் முன்னாடி. அவ உள்ள வர்றாள்ல, அங்க. அன்னிக்கு நான் கண்ண மூடிக்கிட்டில்ல இருந்தேன்? அவ அழுதத நான் பாக்கலடி.”

போட்டேன். வாசலில் மகள் வந்து நின்று, “அம்மா?” என்றார்.